ஏற்காட்டுக் குளிரில் தோல் எப்படிப் பொசுங்கியது?

அஸ்தம்பட்டிவாசி | ஏப்ரல் 27, இரவு 9.40

எல்லோருக்கும் வணக்கம். போன சனி, ஞாயிறு பிள்ளைகளோடு ஏற்காடு போய் வந்தோம். முழுப் பரீட்சை லீவு. சேலத்து வெயிலுக்குத் தப்பி இரண்டு நாள் குளிர்ச்சியாக இருந்துவிட்டு வரலாம் என்றுதான் போனது. மேலே அருமையாக இருந்தது. லேசான மேகமூட்டம், நல்ல காற்று. காலை பத்தரைக்கு ஏரிக்குப் போய், படகுக்கு வரிசையில் நின்று, ஏறி இறங்கி, அப்புறம் பகோடா பாயிண்ட், சேர்வராயன் கோயில் என்று சுற்றி முடிக்க மணி மூன்று ஆகிவிட்டது. ஒருவருக்கும் ஒரு சொட்டு வியர்வை இல்லை. ஸ்வெட்டர் எடுத்து வந்திருக்கலாமே என்றுகூடப் பேசிக்கொண்டோம்.

ராத்திரி படுத்த பிறகு சின்னவன் கழுத்தும் மூக்கும் எரிகிறது என்று அழ ஆரம்பித்தான். ஒன்பது வயது. தொட்டுப் பார்த்தால் அடுப்பில் வைத்த தோசைக்கல் மாதிரி கொதிக்கிறது. காலையில் மூக்குத் தண்டும் கன்னமும் கறுத்துவிட்டன. இன்று கழுத்தில் தோல் உரிகிறது. வீட்டுக்காரருக்குப் பின்கழுத்து முழுக்க எரிச்சல். எனக்குக் கன்னத்தில் ஏற்கெனவே இருக்கும் மங்கு இன்னும் கறுத்துத் தெரிகிறது.

என் சந்தேகம் இதுதான். இதே பையன் இங்கே 39 டிகிரியில் தெருவில் கிரிக்கெட் ஆடுகிறான், ஒரு நாளும் ஒன்றும் ஆனதில்லை. குளிர் அடிக்கிற இடத்தில் எப்படிச் சுட்டது? மாமியார் மலைக்காற்று ஒத்துக்கொள்ளவில்லை என்கிறார். விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

சூரமங்கலத்தான் | ஏப்ரல் 27, இரவு 10.15

உங்கள் மாமியார் சொல்வதுதான் சரி அக்கா. குளிர்காற்று தோலை வறட்டிவிடும். தேங்காய் எண்ணெய் தடவுங்கள், நாலு நாளில் சரியாகிவிடும். வெயிலில் தோல் வெந்துபோவதெல்லாம் வெள்ளைக்காரர்களுக்குத்தான். நான் இருபது வருஷமாகப் பைக்கில்தான் சுற்றுகிறேன். நம் தோலுக்கு ஒன்றும் ஆகாது.

ஓமலூர் வாத்தியார் | ஏப்ரல் 28, காலை 6.20

அம்மா, பதில் சொல்வதற்கு முன் ஒரு கேள்வி. பையன் தெருவில் எத்தனை மணிக்கு ஆடுகிறான்? அந்த நேரத்தில் அவன் நிழல் அவனைவிட நீளமாக இருக்குமா, குட்டையாக இருக்குமா?

அஸ்தம்பட்டிவாசி | ஏப்ரல் 28, காலை 8.05

நாலரைக்கு மேல்தான் சார் விடுவேன். அதற்கு முன் வெளியே போனால் மயக்கம் வந்துவிடும். நிழலை நான் கவனித்ததில்லை, ஆனால் அந்த நேரத்தில் நீளமாகத்தான் இருக்கும்.

ஓமலூர் வாத்தியார் | ஏப்ரல் 28, காலை 11.30

பதில் அதில்தான் இருக்கிறது. கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள். முப்பது வருஷம் இயற்பியல் நடத்திய பழக்கம்.

வெயில் என்று ஒரே பெயரில் நாம் கூப்பிடுவதில் மூன்று சரக்கு சேர்ந்து வருகிறது. கண்ணுக்குத் தெரியும் வெளிச்சம், தெரியாத அகச்சிவப்பு, தெரியாத புற ஊதா. தரைக்கு வந்து சேரும் சூரிய ஆற்றலில் ஏறக்குறையப் பாதி அகச்சிவப்பு. புற ஊதா ஐந்து சதவீதம் போலத்தான். 1800ல் வில்லியம் ஹெர்ஷல் பட்டகத்தால் வெயிலை நிறம் நிறமாகப் பிரித்து, ஒவ்வொரு நிறத்திலும் வெப்பமானியை வைத்துப் பார்த்தார். சிவப்பைத் தாண்டி ஒன்றுமே தெரியாத இடத்தில் பாதரசம் இன்னும் மேலே ஏறியது. அதுதான் அகச்சிவப்பு. அடுத்த வருஷமே, 1801ல், ரிட்டர் என்பவர் மறுமுனையில் ஊதாவைத் தாண்டி வெள்ளிக் குளோரைடு தடவிய காகிதத்தை வைத்தார். அது மற்ற இடங்களைவிட வேகமாகக் கறுத்தது. அது புற ஊதா. கண்டுபிடித்த விதத்தைப் பாருங்கள். ஒன்று வெப்பமானியை ஏற்றியது, இன்னொன்று ரசாயனத்தை மாற்றியது. தோலிலும் இரண்டும் அதே வேலையைத்தான் செய்கின்றன.

அகச்சிவப்பு தோலில் பட்டால் மூலக்கூறுகள் அதிர்ந்து சூடாகும். தோலில் உள்ள நரம்பு முனைகளுக்கு அது உடனே தெரியும், நாமும் நிழலுக்கு ஓடுவோம். புற ஊதாவின் ஒரு ஒளித்துகளில் இருக்கும் ஆற்றல் அதைவிடப் பல மடங்கு அதிகம். செல்லுக்குள் இருக்கும் மரபுப் பொருளின் (டி.என்.ஏ.) கண்ணிகளை அது தாறுமாறாக ஒட்டவைத்துவிடும். அதை உணர நம் உடம்பில் நரம்பே இல்லை. சுடுவது ஒன்று, கெடுப்பது இன்னொன்று. வெக்கை இல்லை என்பதால் வெயில் இல்லை என்று நினைத்துவிடுகிறோம்.

இப்போது உங்கள் இரண்டு நாட்களுக்கு வருவோம். சேலம் பூமத்திய ரேகைக்கு வடக்கே 11.6 டிகிரியில் இருக்கிறது. ஏப்ரல் 20ஐ ஒட்டியும் ஆகஸ்ட் 22ஐ ஒட்டியும் சூரியன் நம் உச்சந்தலைக்கு நேர் மேலே வரும். நட்டு வைத்த கம்புக்கு நிழலே விழாது. நீங்கள் போனது அந்த வாரம். நம் ஊரில் உச்சிப்பொழுது பன்னிரண்டு மணிக்கு இல்லை, 12.15 சுமாருக்கு. நீங்கள் பத்தரை முதல் மூன்று வரை வெளியில் இருந்தீர்கள். ஒரு நாளின் புற ஊதாவில் பெரும்பங்கு இறங்கும் நேரம் அது. பையன் இங்கே ஆடும் நாலரை மணிக்கு நிழல் அவன் உயரத்தைப் போல் கிட்டத்தட்ட இரண்டு மடங்கு. கதிர் சாய்ந்து, காற்று மண்டலத்தில் நீண்ட தூரம் கடந்து வருவதால் புற ஊதா வெகுவாக வடிகட்டப்பட்டுவிடும். ஆனால் தரையும் சுவரும் பகலெல்லாம் வாங்கிய வெக்கையை அப்போதும் கக்கிக்கொண்டிருக்கும். அதனால்தான் 39 டிகிரியில் அவனுக்கு ஒன்றும் ஆகவில்லை.

உயரமும் ஒரு காரணம்தான், ஆனால் பெரிய காரணம் இல்லை. ஆயிரம் மீட்டர் ஏறினால் புற ஊதா பத்து சதவீதம் போல் கூடும். சேலம் 280 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, ஏற்காடு 1500. ஆகப் பன்னிரண்டு சதவீதம் சுமாருக்கு அதிகம். அதற்கே தோல் உரியாது. நேரமும் மேகமும்தான் உங்களை ஏமாற்றியவை. மேகத்தில் இருக்கும் நீர் அகச்சிவப்பை நன்றாக உறிஞ்சிக்கொள்ளும், புற ஊதாவை அந்த அளவுக்குத் தடுக்காது. மெல்லிய மேகமாக இருந்தால் 80 சதவீதம் வரை கீழே வந்துவிடும்.

இன்னொன்று. மலையில் அகச்சிவப்பே இல்லை என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். மேகம் விலகினால் அங்கும் அதே அளவு இறங்குகிறது. குளிர்ந்த காற்று தோலிலிருந்து சூட்டை அப்போதைக்கப்போது எடுத்துக்கொண்டு போய்விடுகிறது, அவ்வளவுதான்.

மலைக்காப்பி | ஏப்ரல் 28, மதியம் 2.10

சார் சொல்வதை நான் தினமும் பார்க்கிறேன். ஏற்காட்டில் எங்களுக்குச் சின்னத் தோட்டம். நவம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை பழம் பறிப்போம். பறிக்கிறவர்கள் சில்வர் ஓக் நிழலில்தான் நிற்பார்கள், அவர்கள் முகம் அப்படியே இருக்கும். காப்பி காயவைக்கும் களத்தில் நிற்பவர்களின் முகமும் புறங்கையும் இரண்டே வாரத்தில் கறுத்துவிடும். ஜனவரிக் குளிரில் தலைக்குத் துண்டு கட்டிக்கொண்டு நிற்பவர்களுக்கே இப்படி. செடிக்கும் இதே கதைதான். நிழல் மரத்தை அதிகமாகக் கழித்துவிட்டால் அந்தப் பக்கத்து இலை வெந்து பழுப்பாகிவிடும். மார்கழி, தை மாதத்தில் சூரியன் சாய்ந்துதானே போகிறது, அப்போது எப்படி சார்?

ஓமலூர் வாத்தியார் | ஏப்ரல் 28, மாலை 4.45

நல்ல கேள்வி தம்பி. டிசம்பர் 21 அன்றுகூட நம் ஊரில் உச்சிப்பொழுதில் சூரியன் 55 டிகிரி உயரத்தில் இருக்கும். பத்தடிக் கம்புக்கு ஏழடி நிழல். நிழல் ஆளைவிடக் குட்டையாக இருக்கும் வரை புற ஊதா பலமாகத்தான் இருக்கும். நம் ஊரில் உச்சிப்பொழுதில் அப்படி இல்லாத நாள் வருஷத்தில் ஒன்றுகூடக் கிடையாது. கடிகாரம், வெப்பமானி எதுவும் வேண்டாம். நிழலைப் பார்த்தால் போதும்.

தோல்வார்டு செவிலி | ஏப்ரல் 28, இரவு 8.50

முதலில் பையனுக்கு வேண்டியது. சுத்தமான துணியைத் தண்ணீரில் நனைத்துப் போடுங்கள். ஐஸ் கட்டியை நேராக வைக்க வேண்டாம். வாசனை இல்லாத மாய்ஸ்ச்சரைசர் தடவலாம். நிறையத் தண்ணீர் கொடுங்கள். உரியும் தோலைப் பிய்க்க விடாதீர்கள், அடியில் இருப்பது இன்னும் பிஞ்சுத் தோல். பற்பசை தடவுவது, மஞ்சள் பூசுவது எதுவும் வேண்டாம். கொப்புளம் வந்தாலோ காய்ச்சல், வாந்தி இருந்தாலோ டாக்டரிடம் காட்டிவிடுங்கள். எரிந்த இடம் முழுக்க ஆறும் வரை வெயில் படக் கூடாது.

ராத்திரிதான் அழுதான் என்றீர்கள். அதுவே புற ஊதாவின் அடையாளம். அடுப்புச் சூடு பட்டால் அந்த நொடியே கையை இழுத்துக்கொள்வோம். புற ஊதாவில் முதலில் செல்லுக்குள் சேதம் நடக்கும். பிறகு உடம்பு அதைக் கண்டுபிடித்து, ரத்தக் குழாய்களை விரித்து, அழற்சியைக் கிளப்பும். அதற்கு நாலு முதல் ஆறு மணி நேரம் ஆகும். 12 முதல் 24 மணி நேரத்துக்குள் உச்சத்துக்குப் போகும். எரிய ஆரம்பித்ததும் உள்ளே வரலாம் என்று நினைத்தால் அதற்குள் நேரம் கடந்திருக்கும்.

புற ஊதாவிலும் இரண்டு வகை நம்மிடம் வருகிறது. அலைநீளம் 280 முதல் 315 நானோமீட்டர் வரை பி, 315 முதல் 400 வரை ஏ. அதைவிடக் குட்டையான சி வகையை ஓசோன் படலம் மேலேயே பிடித்துவிடுகிறது. தரைக்கு வரும் புற ஊதாவில் 95 சதவீதம் ஏ வகை. பி வகை கொஞ்சமாக வந்தாலும் எரிச்சல், தோல் உரிதல் எல்லாம் முக்கியமாக அதன் வேலை. அது மேல்தோலிலேயே நின்றுவிடும். ஏ வகை அடித்தோல் வரை இறங்கி, தோலை இழுத்துப் பிடிக்கும் கொலாஜன் நாரைக் கொஞ்சம் கொஞ்சமாக அரிக்கும். எரியாது, வலிக்காது. பத்து, இருபது வருஷம் கழித்துச் சுருக்கமாகவும் கரும்புள்ளியாகவும் தெரியும்.

அகச்சிவப்பு அதைவிட ஆழத்துக்குப் போகும். இருட்டில் டார்ச்சை விரலில் அழுத்திப் பாருங்கள், சிவப்பு மட்டும் மறுபக்கம் வரும். சிவப்பும் அதற்கு அடுத்த அகச்சிவப்பும் சதையைத் தாண்டிப் போகும் என்பதற்கு அதுவே சாட்சி. விரலில் மாட்டி ஆக்சிஜன் பார்க்கும் கருவியும் அப்படித்தான் வேலை செய்கிறது.

சூரமங்கலத்தான் | ஏப்ரல் 29, காலை 7.30

சரி, நேரக் கணக்கை ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நம் கறுப்புத் தோல் இயற்கையான பாதுகாப்பு இல்லையா சிஸ்டர்? தலைமுறை தலைமுறையாக வெயிலில் உழைத்தவர்கள்தானே நாம்? சன்ஸ்கிரீன் விற்கிறவர்கள் கிளப்பிய பயம் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

தோல்வார்டு செவிலி | ஏப்ரல் 29, மதியம் 1.15

பாதுகாப்பு நிச்சயம் இருக்கிறது அண்ணா. தோலுக்கு நிறம் தரும் மெலனின் குடை மாதிரி செல்லின் மையத்துக்கு மேலே கவிந்து நிற்கும். நல்ல கறுப்புத் தோலுக்கு எஸ்.பி.எஃப். (சன்ஸ்கிரீன் டப்பாவில் போட்டிருக்கும் காப்பு எண்) 13 அளவுக்கு இயற்கைக் காப்பு உண்டு என்று அளந்திருக்கிறார்கள். வெள்ளைத் தோலுக்கு அது மூன்று, நாலுதான். தோல் புற்று நம்மவர்களுக்கு மிகக் குறைவாக வருவதற்கு இது பெரிய காரணம். வெளிநாட்டு அறிவுரையை அப்படியே எடுத்து நம் ஊருக்குப் பூச வேண்டாம் என்பதில் நான் உங்கள் பக்கம்.

ஆனால் குடை இருந்தால் நனையவே மாட்டோம் என்று அர்த்தமில்லை. வெள்ளைத் தோல் சிவக்கும், கண்ணில் படும். நம் தோல் கறுத்து, காந்தி, உரியும். சிவக்காததால் வெயில் சுடவே இல்லை என்று நினைத்துக்கொள்கிறோம். அந்தப் பையனுக்கு நடந்தது அதுதான். அப்புறம் மங்கு, வெயில் பட்ட இடத்தில் அரிக்கும் பொரிப்பொரியான தடிப்பு, இதற்கெல்லாம் கறுப்புத் தோல் காப்பு இல்லை. மங்கு நம் மாதிரித் தோலுக்குத்தான் அதிகம் வருகிறது.

உங்கள் பைக் பற்றி ஒரு விஷயம். உங்கள் புறங்கையையும் உள்முழங்கையையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டுக்கும் வயது ஒன்றுதான். 2012ல் ஒரு மருத்துவ இதழில் அமெரிக்க லாரி ஓட்டுநர் ஒருவரின் படம் வந்தது. 69 வயது, 28 வருஷ ஓட்டம். அங்கே ஓட்டுநர் இருக்கை இடது பக்கம். அவர் முகத்தின் இடப்பாதி மட்டும் ஆழமாகச் சுருங்கித் தொங்கிப் போயிருந்தது. ஜன்னல் கண்ணாடி பி வகையைத் தடுக்கும், ஏ வகையைப் பெரும்பாலும் விட்டுவிடும். நம் ஊரில் வலது கையைப் பார்க்க வேண்டும்.

அம்மாப்பேட்டை மல்லி | ஏப்ரல் 29, மாலை 6.00

கறுத்த இடத்துக்கு எலுமிச்சைச் சாறும் தயிரும் கலந்து தடவிக் கொஞ்ச நேரம் காயவிடுங்கள் அக்கா. எங்கள் வீட்டில் கல்யாணத்துக்கு முன் எல்லோரும் செய்வோம்.

தோல்வார்டு செவிலி | ஏப்ரல் 29, மாலை 6.25

மல்லி, தயவுசெய்து இதை யாருக்கும் சொல்லாதீர்கள். குறிப்பாக வெயிலில் காயவிடச் சொல்லாதீர்கள். எலுமிச்சைத் தோலிலும் சாற்றிலும் ஒரு பொருள் இருக்கிறது. தோலில் அது இருக்கும்போது புற ஊதா ஏ பட்டால் கொப்புளித்து, ஆறியபின் மாதக்கணக்கில் கருந்தடமாக நிற்கும். சாறு வழிந்த பாதையிலேயே கோடு கோடாக வெந்து வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

அதே குடும்பத்துப் பொருள்தான் நம் சித்த மருத்துவக் கார்போகரிசியிலும் இருக்கிறது. சோராலென் என்று பெயர். வெண்புள்ளிக்கு அதைக் கொடுத்து வெயில் காட்டுவது பழைய வைத்தியம். இன்று ஆஸ்பத்திரியில் சோராலெனும் புற ஊதா ஏ விளக்கும் சேர்த்துக் கொடுக்கும் சிகிச்சைக்கு அதுவே வேர். 311 நானோமீட்டர் பி விளக்கைச் சொரியாசிஸுக்கும் வெண்புள்ளிக்கும் தினமும் போடுகிறோம். நொடிக் கணக்கில் அளந்து, வாரா வாரம் ஏற்றிக் கொடுப்போம். அளந்து கொடுத்தால் அது மருந்து. முகத்தில் பிழிந்துகொண்டு மொட்டை மாடியில் உட்கார்ந்தால் புண்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். பருவுக்குக் கொடுக்கும் டாக்ஸிசைக்ளின், ரத்தக் கொதிப்புக்கான சில நீர் மாத்திரைகள் சாப்பிடுகிறவர்களுக்கும் தோல் சீக்கிரம் வெந்துவிடும்.

வெல்லக் கொப்பரை | ஏப்ரல் 30, இரவு 9.10

இங்கே கேட்கலாமா தெரியவில்லை. எங்களுக்குக் காமலாபுரம் பக்கம் கரும்பாலை. அம்மா இருபத்தைந்து வருஷமாக அடுப்பு வாயில் உட்கார்ந்து சக்கை தள்ளுகிறார். தலைக்கு மேலே கொட்டகை, ஒரு பொட்டு வெயில் படாது. ஆனால் இரண்டு முழங்காலுக்குக் கீழேயும் வலை விரித்த மாதிரி பழுப்புக் கோடுகள். வலி இல்லை. கழுவினால் போகாது. வலது காலில் அந்த வலைக்கு நடுவே செதில் செதிலாக ஒரு இடம், நாலு மாதமாக ஆறாமல் இருக்கிறது. அடுப்பிலிருந்தும் புற ஊதா வருமா சார்?

ஓமலூர் வாத்தியார் | மே 1, காலை 6.40

வராது அப்பா. ஒரு பொருள் எந்தச் சூட்டில் இருக்கிறதோ அதைப் பொறுத்துத்தான் அது விடும் கதிர். சூரியனின் மேற்பரப்பு 5,500 டிகிரி. அதன் உச்சம் கண்ணுக்குத் தெரியும் வெளிச்சத்தில் விழுகிறது, புற ஊதா கொஞ்சம் ஒட்டிக்கொண்டு வருகிறது. உங்கள் அடுப்பின் கனல் ஆயிரம் டிகிரி என்று வைத்துக்கொண்டால் உச்சம் 2,300 நானோமீட்டர் பக்கம். முழுக்க அகச்சிவப்பு. புற ஊதா இல்லை என்றே சொல்லலாம். அம்மாவின் காலில் இருப்பது வெக்கையின் வேலை. மருத்துவம் செவிலி அம்மா சொல்லட்டும்.

தோல்வார்டு செவிலி | மே 1, காலை 10.20

தம்பி, இதை நீங்கள் கேட்டது மிகவும் நல்லது. இதுவரை எல்லோரும் சூடு தெரியும், அதனால் ஆபத்தில்லை என்ற மாதிரிப் பேசிவிட்டோம். அது பாதி உண்மைதான்.

கொப்புளிக்காத, கையை இழுத்துக்கொள்ளத் தோன்றாத மிதமான சூடு, 43 முதல் 47 டிகிரி அளவில், ஒரே இடத்தில் வருஷக்கணக்கில் பட்டால் மேலாக ஓடும் ரத்தக் குழாய்களின் வடிவத்திலேயே தோல் கறுக்கும். அதுதான் வலை. விறகடுப்பில் சமைப்பவர்கள், ரொட்டிச் சூளைக்காரர்கள், இடுப்பு வலிக்குத் தினமும் வெந்நீர்ப் பை வைப்பவர்கள், மடிக்கணினியைத் தொடையில் வைத்து வேலை செய்பவர்கள் எல்லோரிடமும் இதைப் பார்க்கலாம். காஷ்மீரில் கனல் போட்ட மண்சட்டியைக் கூடையில் வைத்து அங்கிக்குள் அணைத்துக்கொள்வார்கள், காங்ரி என்று பெயர். வயிற்றிலும் தொடையிலும் அதனால் வரும் தோல் புற்றுக்குக் காங்ரிப் புற்று என்றே பெயர் வந்துவிட்டது.

ஆரம்பத்திலேயே சூட்டை விலக்கினால் வலை மாதக்கணக்கில் மங்கிவிடும். நாள்பட்டது முழுக்கப் போகாது. பெரும்பாலோருக்கு அதற்கு மேல் ஒன்றும் ஆகாது. ஆனால் வலைக்கு நடுவே ஆறாத செதில் என்கிறீர்கள். அதைத் தள்ளிப்போடாதீர்கள். தோல் டாக்டரிடம் இந்த வாரமே கூட்டிப்போங்கள், சிறு துண்டு எடுத்துப் பரிசோதிப்பார்கள். பயப்படுவதற்காகச் சொல்லவில்லை, பார்த்துவிட வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன். அம்மாவுக்குச் சர்க்கரை இருக்கிறதா? சர்க்கரை உள்ளவர்களுக்குக் காலில் உணர்வு குறைந்திருந்தால் சூடே தெரியாது. அவர்கள் அடுப்பு, ஹீட்டர், ஐ.ஆர். (அகச்சிவப்பு) விளக்கு எதன் பக்கத்திலும் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும்.

ஓமலூர் வாத்தியார் | மே 1, காலை 11.00

ஒன்று செய்யுங்கள். அடுப்பு வாய்க்கும் அம்மாவின் காலுக்கும் நடுவே முழங்கால் உயரத்துக்கு ஒரு அலுமினியத் தகடு நிறுத்துங்கள். பளபளப்பான பக்கம் நெருப்பைப் பார்க்க வேண்டும். பளபளப்பான அலுமினியம் அகச்சிவப்பில் 90 சதவீதத்துக்கு மேல் திருப்பி அனுப்பிவிடும். சாம்பலும் கரியும் படிந்தால் அந்தக் குணம் போய்விடும், அதனால் தினமும் துடைக்க வேண்டும். சக்கை தள்ளும் கோலை இரண்டடி நீட்டி, முக்காலியைப் பின்னால் போடுங்கள். காற்றாடி வைத்தால் போதும் என்று நினைக்காதீர்கள். காற்று வியர்வையைத்தான் ஆற்றும், கதிரை நிறுத்தாது.

பட்டறைக்காரன் | மே 1, மதியம் 3.30

நான் வெல்டிங் பட்டறை வைத்திருக்கிறேன். எங்களுக்கு இரண்டு தொல்லையும் உண்டு. ஆர்க் வெளிச்சத்தில் ஓசோன் பிடித்துவைக்கிற அந்த சி வகைகூட நேராக மூஞ்சியில் அடிக்கும். சட்டையின் மேல் பித்தானைத் திறந்து வேலை செய்த பையன்களுக்குக் கழுத்தடியில் முக்கோணமாக வெந்திருக்கும். மாஸ்க் இல்லாமல் பார்த்தால் ராத்திரி கண்ணில் மணலை அள்ளிப் போட்ட மாதிரி இருக்கும். அதுவும் சிஸ்டர் சொன்ன மாதிரி உடனே தெரியாது, படுத்த பிறகுதான். பட்டறையில் தாய்ப்பால் விடு, உருளைக்கிழங்கு வை என்பார்கள். கண் டாக்டர் எதையும் விடக் கூடாது என்று கண்டித்துச் சொன்னார். பக்கத்தில் சும்மா நிற்கிறவருக்கும் சுவரில் பட்டு எகிறி வரும். முழுக்கைச் சட்டை, கழுத்து வரை பித்தான், மாஸ்க். என் பட்டறையில் இது இல்லாமல் யாரையும் விடுவதில்லை.

களத்துமேடு | மே 2, காலை 8.15

ஜவ்வரிசி ஆலையில் காயப்போடும் களத்துக்கு நான் மேஸ்திரி. பத்து மணியிலிருந்து மூன்று வரை களத்தில்தான் வேலை, வெயில் இல்லாமல் மாவு காயாது. கீழே வெள்ளை வெளேரென்று மாவு, அதில் பட்டு மேலே அடிக்கும். தொப்பி போட்டாலும் தாடையும் மூக்கின் அடிப்புறமும் கறுக்கும். எங்கள் பெண்கள் சேலைக்கு மேலே வீட்டுக்காரருடைய பழைய முழுக்கைச் சட்டையைப் போட்டு, தலையில் துண்டைச் சுற்றி முகத்தை மூடிக்கொள்வார்கள். அதைப் பார்த்து இந்த வெக்கையில் எதற்கு இத்தனை துணி என்று கேட்டவர்கள் உண்டு. இந்த இழையைப் படித்த பிறகு அவர்கள் செய்தது எவ்வளவு சரி என்று புரிகிறது. எந்தத் துணி நல்லது?

ஓமலூர் வாத்தியார் | மே 2, காலை 9.50

நெருக்கமாக நெய்த, அடர் நிறத் துணி. வெளிச்சத்துக்கு எதிரே பிடித்தால் ஓட்டை ஓட்டையாகத் தெரியக் கூடாது. மெல்லிய வெள்ளைப் பருத்தி, அதுவும் வியர்வையில் நனைந்தால், புற ஊதாவை நிறையவே விட்டுவிடும். கறுப்புக் குடை பத்தில் ஒன்பது பங்கைத் தடுக்கும், கீழிருந்து எகிறுவதைத் தடுக்காது. அடர் நிறம் வெக்கையைக் கூடுதலாக வாங்கும் என்பது உண்மைதான், அதனால் தொளதொளவென்று போட வேண்டும். அந்தப் பெண்களின் பெரிய சட்டை அப்படித்தான் இருக்கிறது.

அஸ்தம்பட்டிவாசி | மே 3, இரவு 9.00

எல்லோருக்கும் மிக்க நன்றி. பையனுக்கு உரிந்து முடிந்துவிட்டது, அடியில் இளஞ்சிவப்பாக இருக்கிறது, வெயிலில் விடுவதில்லை. மாமியாருக்கும் படித்துக் காட்டினேன். அவர் இரண்டு கேள்வி கேட்டார். இப்படி வெயிலுக்குப் பயந்தால் வைட்டமின் டி எப்படிக் கிடைக்கும்? காலை இளவெயில் போதாதா? என் கேள்வி: மங்குக்குச் சன்ஸ்கிரீன் போட்டும் ஏன் குறையவில்லை?

தோல்வார்டு செவிலி | மே 4, மதியம் 2.40

பெரியம்மா கேட்டது சரியான கேள்வி. வைட்டமின் டி செய்வது பி வகை. காலை ஏழு மணி இளவெயிலில் அது மிகக் குறைவு, ஜன்னல் கண்ணாடிக்குப் பின்னால் இல்லவே இல்லை. நிழல் குட்டையாக இருக்கும் நேரத்தில் கையும் காலும் கொஞ்ச நேரம் வெயிலில் படட்டும், முகத்தை மறைத்துக்கொள்ளுங்கள். தோல் காந்தும் வரை நிற்கத் தேவையில்லை. ஓர் அளவுக்கு மேல் செய்த வைட்டமினை வெயிலே சிதைத்துவிடும்.

சன்ஸ்கிரீனில் எஸ்.பி.எஃப். என்பது பெரும்பாலும் பி வகைக்கான கணக்கு. 30 இருந்தால் 97 சதவீதத்தைத் தடுக்கும், 50 இருந்தால் 98. எண்ணைத் துரத்துவதைவிட நிறையப் பூசி, இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை மீண்டும் பூசுவது முக்கியம். பி.ஏ. என்று கூட்டல் குறிகளோடு இருப்பது ஏ வகைக்கு. இரண்டுமே அகச்சிவப்பைத் தடுக்காது. மங்கு விஷயத்தில் கண்ணுக்குத் தெரியும் வெளிச்சமே கறுக்க வைக்கும். இரும்பு ஆக்சைடு கலந்து தோல் நிறத்தில் வரும் வகைதான் அதற்கு உதவும். அடுப்படிச் சூட்டில் மங்கு கூடுவதாகப் பல பெண்கள் எங்களிடம் சொல்கிறார்கள். நீங்கள் நிற்கும் இடத்துக்கு எதிரே அடுப்பு முகத்தருகே இருக்கிறதா என்று பாருங்கள்.

அகச்சிவப்பு வெயிலிலிருந்து வந்தாலே தோல் முதிரும் என்று விளம்பரம் பார்க்கிறேன். ஆய்வகத்தில் பலமான விளக்கை வைத்துக் கொலாஜன் சிதைவதைக் காட்டியிருக்கிறார்கள். அதே அகச்சிவப்பைக் குறைந்த அளவில் புண் ஆற்றவும் பயன்படுத்துகிறார்கள். அதற்கென்று தனி கிரீம் வாங்கிக் காசைக் கரைக்க வேண்டாம் என்பது என் கருத்து. தொப்பிக்கும் முழுக்கைச் சட்டைக்கும் கொடுங்கள்.

வெல்லக் கொப்பரை | ஜூலை 12, இரவு 8.30

தாமதத்துக்கு மன்னியுங்கள். மே முதல் வாரமே அம்மாவைத் தோல் டாக்டரிடம் காட்டினோம். துண்டு எடுத்து அனுப்பினார்கள். முடிவு வரப் பத்து நாள் ஆனது, அந்தப் பத்து நாளும் வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. புற்று இல்லை. ஆனால் அப்படி மாறக்கூடிய நிலையில் இருந்தது என்று சொல்லி, அந்த இடத்தை அகற்றிவிட்டார்கள். இப்போது ஆறிவிட்டது. ஆறு மாதத்துக்கு ஒருமுறை காட்டச் சொன்னார்கள். சர்க்கரையும் பார்த்தோம் சிஸ்டர், இல்லை.

வாத்தியார் சொன்ன மாதிரி அலுமினியத் தகடு நிறுத்தி, கோலை நீட்டிவிட்டேன். அம்மாவை அடுப்பிலிருந்து எழுப்பப் பார்த்தேன், கேட்கவில்லை. பாகு பதம் பார்க்கும் வேலைக்கு மட்டும் மாறச் சொல்லிப் பேசிக்கொண்டிருக்கிறோம். முதல் நாள் தகட்டுக்குப் பின்னால் உட்கார்ந்ததும், நெருப்பு அணைந்துவிட்டதா என்று இரண்டு முறை எட்டிப் பார்த்தார். இப்போது காலையில் ஆலையைத் திறந்ததும் முதலில் அந்தத் தகட்டை அவரே சாம்பல் போட்டுத் துலக்குகிறார். பக்கத்து ஆலைக்காரர்கள் இரண்டு பேர் வந்து அளவெடுத்துப் போயிருக்கிறார்கள்.